16 பக்கத் தோஜின்ஷி: மடிப்பிலிருந்து மேசை வரை

நான்கு பி4 தாள்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி நடுவில் மடித்தால் பி5 அளவில் 16 பக்கம் கிடைக்கும். ஜப்பானில் ஒரு காமிக்ஸ் ரசிகர் முதன்முதலாகப் போடும் புத்தகம் பெரும்பாலும் இந்த மடிப்பில்தான் பிறக்கிறது. ஜெராக்ஸ் மெஷினில் எடுத்து, கையால் மடித்து, பின் அடித்த அந்தப் புத்தகத்துக்குக் கோப்பிபோன் என்று பெயர். அச்சகத்தில் ஆஃப்செட்டில் போட்டு, முதுகு ஒட்டி, பளபளக்கும் அட்டையோடு வருவதும் உண்டு. இரண்டுமே தோஜின்ஷிதான். தோஜின் என்றால் ஒத்த ஆர்வம் உள்ளவர்கள், ஷி என்றால் இதழ். 1885இல் எழுத்தாளர் ஒசாகி கோயோவும் நண்பர்களும் தொடங்கிய 'கராகுதா புன்கோ' இந்த மரபின் முன்னோடி. அதுவும் கையெழுத்துப் பத்திரிகையாகச் சுற்றுக்கு விடப்பட்டதுதான்.

தோஜின்ஷி என்றதும் ரசிகர் கற்பனை, காப்புரிமை என்றுதான் பேச்சு தொடங்குகிறது. ஒரு பிரதியைக் கையால் செய்து பார்த்தவருக்கு வேறொன்று தெரியவரும். இந்தப் பண்பாட்டின் வழக்கங்களில் பாதி தாளிலிருந்தும் மடிப்பிலிருந்தும் கெடு நாளிலிருந்தும் வந்தவை. கதை ஏன் அத்தனை சிறியது, திருப்பம் ஏன் எப்போதும் பக்கம் புரட்டியதும் வருகிறது, கடைசிப் பக்கத்தில் அச்சகத்தின் பெயர் ஏன் இருக்கிறது என்ற கேள்விகளுக்கெல்லாம் விடை வேலை மேசையிலேயே இருக்கிறது. அதனால் இங்கே ஒரு புத்தகத்தைத் தொடக்கம் முதல் முடிவு வரை செய்வோம்: பி5, 16 பக்கம், கருப்பு வெள்ளை, 35 செட். விழாவில் விற்கும் மேசைக்கு 30 போதும். மீதி ஐந்து எதற்கு என்பது கடைசியில் வரும்.

அளவில் ஒரு பொறி இருக்கிறது, அதை முதலிலேயே தாண்டிவிட வேண்டும். ஜப்பானிய பி5 என்பது 182×257 மி.மீ. உலக வழக்கில் உள்ள பி5 176×250 மி.மீ. மென்பொருளில் வெறுமனே பி5 என்று தேர்ந்தால் பல நேரம் இரண்டாவதுதான் வரும். அகலத்தில் 6, உயரத்தில் 7 மி.மீ. குறைந்த பக்கத்தில் முழுக் கதையையும் வரைந்துவிட்டு, பிறகு பெருக்கினால் சாம்பல் நிறம் காட்டும் புள்ளி டோன் முழுக்கக் கெடும். ஜெ.ஐ.எஸ். (ஜப்பானியத் தர அளவு) என்று குறித்திருப்பதைத் தேர்க, இல்லையென்றால் எண்ணைக் கையால் அடிக்க. பி4 தாள் கிடைக்காத ஊரில் ஏ4 தாளை மடித்து ஏ5 புத்தகமாகவே செய்யலாம். ஏ5-ம் தோஜின்ஷிக்கு முறையான அளவுதான், ஒப்பேற்றல் அல்ல.

டம்மியும் பக்கக் கணக்கும்

வரைவதற்கு முன் டம்மி, அதாவது வெற்றுத்தாளில் ஒரு மாதிரிப் புத்தகம், செய்ய வேண்டும். நான்கு தாளை மடித்து, புத்தகம்போல் புரட்டி, மூலையில் 1 முதல் 16 வரை பென்சிலால் எழுதிவிட்டுப் பிரித்துப் பார்க்கவும். ஜப்பானியப் புத்தகம் வலப்பக்கம் கட்டப்படுவது. முன்னட்டையை முகத்துக்கு நேரே பிடித்தால் முதுகு வலக்கைப் பக்கம் இருக்கும். அதனால் விரித்த தாளில் எண்கள் இப்படி விழும்:

முதல் தாள்: வெளிமுகத்தில் இடம் 1, வலம் 16; உள்முகத்தில் இடம் 15, வலம் 2.
இரண்டாம் தாள்: இடம் 3, வலம் 14, உள்ளே இடம் 13, வலம் 4.
மூன்றாம் தாள்: இடம் 5, வலம் 12, உள்ளே இடம் 11, வலம் 6.
நான்காம் தாள்: இடம் 7, வலம் 10, உள்ளே இடம் 9, வலம் 8.

சரிபார்க்க இரண்டு விதி போதும். ஒரே முகத்தில் உள்ள இரண்டு எண்ணைக் கூட்டினால் எப்போதும் 17 வர வேண்டும். ஒற்றைப்படை எப்போதும் இடது, இரட்டைப்படை எப்போதும் வலது. எங்காவது இது தப்பினால் அந்தத் தாள் தலைகீழாகவோ மாற்றியோ வைக்கப்பட்டிருக்கிறது. தமிழில் எழுதி இடமிருந்து வலமாகப் படிக்க வைப்பதானால் கணக்கு முழுவதும் கண்ணாடிபோல் புரளும்: ஒற்றை வலது, இரட்டை இடது.

கதை சொல்லும் முறையையே இந்தக் கணக்குதான் தீர்மானிக்கிறது. வாசகர் புத்தகத்தைத் திறந்தால் வலப்பக்கத்தில் இரட்டை எண், இடப்பக்கத்தில் ஒற்றை எண். படிப்பது வலமிருந்து இடம். ஆகவே ஒற்றைப் பக்கத்தின் கீழ் இடது மூலைதான் புரட்டுவதற்கு முன் கண் கடைசியாகத் தங்கும் இடம். அங்கே ஒரு கேள்வியையோ, திரும்பிப் பார்க்கும் முகத்தையோ, பாதியில் நிற்கும் கையையோ வைப்பார்கள். பதில் அடுத்த இரட்டைப் பக்கத்தின் மேல் வலது கட்டத்தில் பெரிதாக வரும். அந்தப் பதில் எதிரெதிர்ப் பக்கங்களுக்குள்ளேயே விழுந்துவிட்டால், புரட்டும்போதே ஓரக்கண்ணில் பட்டு வீணாகிவிடும். நேமு என்று சொல்லப்படும் பென்சில் குறிப்பு நிலையிலேயே இந்த இடங்களை எண்ணிக் குறித்துக்கொள்வது நல்லது. நேமு முடிந்தபின் நடுவில் ஒரு பக்கம் சேர்த்தால் அதன்பின் வரும் எல்லாத் திருப்பமும் தப்பான பக்கத்துக்குப் போய்விடும். சேர்த்தே ஆகவேண்டுமென்றால் இரண்டு பக்கமாகச் சேர்க்க வேண்டும்.

இரண்டு பக்கமும் சேர்ந்த பெரிய படம் வேண்டுமா? 16 பக்கப் புத்தகத்தில் 8-9இல் மட்டும் வரையவும். அங்கே மட்டும்தான் இரண்டு பக்கமும் ஒரே தாள். மற்ற எங்கே வரைந்தாலும் பாதிப் படம் ஒரு தாளிலும் மீதி வேறு தாளிலும் இருக்கும். மடிப்பில் அரை மில்லிமீட்டர் நழுவினாலும் முகம் இரண்டாக வெட்டினதுபோல் தெரியும்.

அட்டை, கடைசிக் குறிப்புப் பக்கம், பின்னட்டை போனால் கதைக்கு 12 அல்லது 13 பக்கம் மிஞ்சும். புதுக் கதைக்கு இது போதாது: ஆள் யார், ஊர் எது, பகை எங்கே தொடங்கியது என்று சொல்வதற்குள் தாள் தீர்ந்துவிடும். ஏற்கெனவே எல்லாருக்கும் தெரிந்த பாத்திரங்களை எடுத்தால் அறிமுகமே வேண்டாம். முதல் கட்டத்திலேயே நடுச்சம்பவத்துக்குள் போய்விடலாம். பிறர் படைப்பை எடுத்து எழுதும் வழக்கம் இவ்வளவு பரவியதற்கு அந்தப் பாத்திரங்கள்மீதுள்ள காதல் ஒரு காரணம் என்றால், இந்தத் தாள் கணக்கு இன்னொரு காரணம். 1979இல் 'ரப்போரி' என்ற தோஜின்ஷி போட்ட சிறப்பிதழ் யாஓய் என்ற சொல்லைப் பரப்பியது. உச்சம் இல்லை, முடிவு இல்லை, பொருள் இல்லை என்ற மூன்று சொற்றொடரின் முதலெழுத்துகள் அவை. தலையும் வாலும் இல்லாமல் வேண்டிய காட்சியை மட்டும் வரைவது என்ற அந்தச் சுதந்திரம், ஆண்களுக்கிடையிலான காதலைச் சொல்லும் முழு வகைமைக்கே பெயராகிப் பிறகு புத்தகக்கடை அலமாரி வரை வந்து சேர்ந்தது. 1980களின் நடுவில் 'கேப்டன் சுபாசா' என்ற கால்பந்துக் காமிக்ஸை வைத்து எழுந்த தோஜின்ஷி அலையில் இதே குறுவடிவம்தான் ஓடியது. பெண் படைப்பாளர்கள் அந்த அலையில் பெருந்திரளாக வந்தார்கள்.

தாள், கட்டம், மை

தோஜின்ஷிக்கென்றே ஏ4 அளவில் கோடிட்ட வரைதாள் விற்கிறது. வணிக இதழுக்குப் பயன்படும் பி4 வரைதாளோடு இதைக் குழப்பிக்கொள்ளக் கூடாது. ஏ4 தாளில் உள்சட்டம் 150×220 மி.மீ., வெட்டுக்கோடு 182×257 மி.மீ., அதற்கு வெளியே நாற்புறமும் 3 மி.மீ. கூடுதல். ஓரம் வரை படம் போகவேண்டுமென்றால் அந்த 3 மி.மீ. முடியும் வரை, அதாவது 188×263 மி.மீ. வரை வரைந்துவிட வேண்டும். வெட்டுக் கத்தி ஒரு மில்லிமீட்டர் இந்தப்புறமோ அந்தப்புறமோ நகரும். வெட்டுக்கோட்டோடு நிறுத்தினால் ஓரத்தில் வெள்ளைக் கீற்று தெரியும். வெட்டுமிடம் காட்டும் மூலைக்குறிகளை ஜப்பானியர் தொம்போ என்கிறார்கள். அந்தச் சொல்லுக்குத் தும்பி என்று பொருள். சிறகு விரித்த வடிவத்தால் வந்த பெயர் இது. நம் சொல்லுக்கு அது எவ்வளவு பக்கத்தில் ஒலிக்கிறது என்பது கேட்கவே இனிமை.

வசனம் முழுவதும் உள்சட்டத்துக்குள் இருக்க வேண்டும். முதுகுப் பக்கம்தான் ஆபத்து. பின் அடித்த 16 பக்கத்தில் பிரச்சினை இல்லை. ஒட்டிக் கட்டிய புத்தகத்தில் முதுகிலிருந்து 10 முதல் 15 மி.மீ. வரை எழுத்து வைத்தால் மடிப்பு விழுங்கிவிடும்.

கட்டங்களுக்கிடையே விடும் வெள்ளையில் ஒரு நுணுக்கம் உண்டு. மேல் வரிசைக்கும் கீழ் வரிசைக்கும் நடுவில் 5 மி.மீ. போல அகலமாகவும், பக்கத்துப் பக்கத்துக் கட்டங்களுக்கு நடுவில் 2 அல்லது 3 மி.மீ. ஆகக் குறுகலாகவும் விடுவார்கள். கண் குறுகிய இடைவெளியைத்தான் முதலில் தாண்டும். இரண்டையும் ஒரே அளவாக விட்டால் வாசகர் பக்கத்துக்குப் போவதா கீழே இறங்குவதா என்று ஒவ்வொரு வரிசையிலும் தடுமாறுவார்.

கோடு மெல்லியதாக இருந்தால் அழகு, ஆனால் 0.1 மி.மீ.க்குக் கீழே போகக் கூடாது. 600 டி.பி.ஐ.யில், அதாவது அங்குலத்துக்கு 600 புள்ளியில், ஒரு பிக்சல் ஏறத்தாழ 0.042 மி.மீ. இரண்டு பிக்சலுக்கும் குறைந்த கோடு அச்சில் அங்கங்கே விட்டுப்போகும். ஸ்கேன் 600 டி.பி.ஐ. கிரேயில் எடுத்து, பிறகு தூய கருப்பு வெள்ளையாக மாற்றவும். நீலப் பென்சிலில் போட்ட அடிக்கோடு அப்போது மறைந்துவிடும். சாதாரணப் பென்சில் கோட்டைச் சரியாக அழிக்காமல் விட்டிருந்தால் மணல் தூவினதுபோல் புள்ளிகளாக வரும். எல்லாப் பக்கத்திலும் ஒரே இடத்தில் ஒரு புள்ளி வருகிறதென்றால் அது படத்தில் இல்லை, ஸ்கேனர் கண்ணாடியில் இருக்கிறது. கணினியிலேயே வரைபவர்கள் 188×263 மி.மீ.க்கு 600 டி.பி.ஐ.யில் ஏறத்தாழ 4441×6213 பிக்சல் என்று கோப்பைத் திறக்கலாம்.

டோன் கெடுவது எப்படி

சாம்பல் நிறத்துக்கு ஜப்பானியக் காமிக்ஸில் புள்ளி டோன் ஒட்டுவார்கள். முன்பு ஒட்டுத்தாளைக் கத்தியால் வெட்டி ஒட்டினார்கள், இப்போது பெரும்பாலும் மென்பொருளில் நிரப்புகிறார்கள். அங்குலத்துக்கு 60 வரி என்பது தோஜின்ஷியில் பழகின அளவு. நிழலுக்கு 10 முதல் 30 சதவீதம் வரை போதும். அதற்கு மேல் போனால் ஜெராக்ஸில் புள்ளிகள் ஒன்றோடொன்று ஒட்டிக் கருத்துவிடும்.

கோப்பிபோனில் அதிகம் பேரைத் தவிக்கவைப்பது மொய்ரே: சீரான சாம்பல் பரப்பில் பட்டுப்புடவையின் நீரோட்டம்போல் கட்டம்கட்டமாக எழும் அலை. காரணம் எளிய கணக்கு. 600 டி.பி.ஐ.யில் 60 வரி டோன் என்றால் ஒரு புள்ளிக்கு 10 பிக்சல் இடம். பிரிண்ட் எடுக்கும்போது தாளுக்குப் பொருத்து என்ற வசதி இயங்கி 97 சதவீதமாகச் சுருக்கிவிட்டால் ஒவ்வொரு புள்ளிக்கும் 9.7 பிக்சல் வேண்டும். பிக்சலைப் பின்னமாக்க முடியாது. ஆகவே பத்துக்கு மூன்று புள்ளி 9 பிக்சலிலும் மற்றவை 10 பிக்சலிலும் விழும். லூப் என்ற உருப்பெருக்கிக் கண்ணாடி வைத்துப் பார்த்தால் சில புள்ளி மெலிந்தும் சில புள்ளி தடித்தும் ஒழுங்கான இடைவெளியில் நிற்பது தெரியும். அந்த ஒழுங்குதான் தூரத்திலிருந்து அலையாகத் தெரிகிறது.

சுருக்காமல் 100 சதவீதத்தில் எடுப்பதே மருந்து. அளவு மாற்றியே ஆகவேண்டுமென்றால் டோன் போடுவதற்கு முன் கோட்டோவியத்தை மட்டும் மாற்றி, டோனைப் புது அளவில் மீண்டும் நிரப்பவும். 60 வரியும் 50 வரியும் ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்தாலும் இதே அலை எழும். அடுக்கி ஒட்டுவதானால் ஒரே வரி எண்ணிலேயே ஒட்டவும். இன்னொன்று: திரையில் சிறிதாக்கிப் பார்க்கும்போது தெரியும் அலை பெரும்பாலும் திரையின் கோளாறு. நிஜ பிக்சலில் பெருக்கிப் பார்த்தபின் பயப்படலாம்.

பெத்தா எனப்படும் முழுக்கருப்புப் பரப்பு ஜெராக்ஸில் திட்டுத்திட்டாகப் படியும். உள்ளங்கை அளவுக்கு மேல் முழுக்கருப்பு வேண்டாம். அட்டையின் மடிப்புமீது கருப்பு வரவே கூடாது. மடித்ததும் டோனர் உதிர்ந்து வெள்ளைக் கோடு விழும். முதுகு இரண்டு பக்கமும் 5 மி.மீ. வெள்ளையாக விட்டால் போதும்.

ஜெராக்ஸ், மடிப்பு, பின்

வரைந்த பக்கங்களைக் கணக்குப்படி இரண்டிரண்டாக பி4 தாளில் ஒட்டினால் எட்டு தாய்ப்பிரதி. ஒட்டின தாளின் விளிம்பு நிழலாக விழும், அதை வெள்ளை மையால் மூடிவிடவும். மெஷின் நாற்புறமும் 3 முதல் 5 மி.மீ. அச்சிடாமல் விடும் என்பதால் ஓரம் தொடும் படத்தைக் கோப்பிபோனில் தவிர்ப்பதே நல்லது.

பேக் டு பேக் எடுக்கும்போது குறுகிய விளிம்பில் திருப்புவதைத் தேர்ந்தெடுக்கவும். நீண்ட விளிம்பைத் தேர்ந்தால் பின்முகம் தலைகீழாக வரும். முதலில் ஒரே ஒரு செட் எடுத்து, மடித்து, 1 முதல் 16 வரை புரட்டிப் பார்த்துவிட்டுத்தான் மீதி 34-க்குக் காசு போட வேண்டும். ஜப்பானியக் கன்வீனியன்ஸ் ஸ்டோர் மெஷினில் கருப்பு வெள்ளை நகல் ஒரு முகத்துக்கு 10 யென் என்பது வழக்கமான விலை. 35 செட்டுக்கு 140 தாள், 280 முகம், 2,800 யென். கோப்பாகக் கொடுத்துப் புத்தகவாக்கில் பிரிண்ட் எடுக்கும் வசதியும் உண்டு, விலை கொஞ்சம் கூடலாம். அந்த வசதியில் வலக்கட்டு என்று மாற்றாமல் விட்டால் புத்தகம் பின்னிலிருந்து முன்னாக வந்து சேரும்.

மடிப்பில் அவசரம் ஆகாது. நான்கு தாளையும் மேசையில் தட்டிச் சேர்த்து, முதலில் இலேசாக மடித்துக் கோடு மட்டும் விழச் செய்யவும். விரித்து, அந்தக் கோட்டின்மேலேயே பின் அடிக்கவும். பிறகு ஸ்கேல் விளிம்பாலோ கரண்டியின் முதுகாலோ அழுத்தித் தேய்க்கவும். முதலிலேயே அழுத்தி மடித்துவிட்டு அடித்தால் தாள் மேடாக எழுந்து பின் ஒரு மில்லிமீட்டர் தள்ளி விழும். அப்புறம் புத்தகம் மூடாது, அட்டையில் இரண்டாவது மடிப்பு தானாக விழும்.

பின் இரண்டு. உயரம் 257 மி.மீ., அதில் மேலிருந்து 64, கீழிருந்து 64. அட்டைப் பக்கத்திலிருந்து உள்ளே அடிக்க வேண்டும், கால் 8-9ஆம் பக்கத்தில் மடங்க வேண்டும். சாதாரண ஸ்டேப்ளர் அவ்வளவு உள்ளே எட்டாது. நீளக்கை ஸ்டேப்ளர் இருந்தால் வேலை சுலபம். தலை 90 டிகிரி திரும்பும் சிறு ஸ்டேப்ளரும் இதற்கென்றே விற்கிறது. இரண்டுமே இல்லையென்றால் கீழே தடித்த அட்டைப்பெட்டித் துண்டை வைத்து, ஸ்டேப்ளரை விரித்து, மேலிருந்து குத்தி, அட்டையிலிருந்து மெதுவாகப் பிடுங்கி, காலைக் கத்தியின் முதுகால் மடக்கலாம். ஒரு புத்தகத்துக்கு ஒரு நிமிடம் கூடும், தரம் குறையாது.

தாள் கூடக்கூட நடுத்தாள் வெளியே துருத்தும். நான்கு தாளில் அது 0.3 மி.மீ., கண்ணுக்குத் தெரியாது. பத்துத் தாளில், அதாவது 40 பக்கத்தில், 0.8 மி.மீ. ஆகும், இரும்பு ஸ்கேல் வைத்து ஓரம் வெட்டியே ஆகவேண்டும், புத்தகமும் வாயைப் பிளந்து நிற்கும். சென்டர் பின்னுக்கு அதுதான் எல்லை. அதற்கு மேல் முதுகு ஒட்டும் பைண்டிங்.

ஆஃப்செட்டுக்குப் போனால்

36 பக்கத் தோஜின்ஷி என்று சொன்னால் அட்டையின் நான்கு முகமும் அதில் சேர்த்தி. உள்ளே 32 பக்கம்தான். எண் 3-லிருந்து தொடங்கி 34-இல் முடியும். எண்ணுக்கு நோன்புரு என்று பெயர், அது எல்லாப் பக்கத்திலும் கட்டாயம். ஓரம் முட்டும் படம் என்று ஒரு பக்கத்தில் எண்ணை விட்டுவிட்டால், அச்சகத்தில் தாளை வரிசைப்படுத்துகிறவருக்கு அது எந்தப் பக்கம் என்று தெரிய வழியில்லை. கதையைப் படித்துப் பார்த்து அடுக்க அவருக்கு நேரம் கிடையாது. கண்ணுக்கு உறுத்தாமல் வைக்க வேண்டுமென்றால் முதுகோரம் சின்னதாகப் போடலாம், அதற்கு மறைநோன்புரு என்றே பெயர்.

தாள் எடையை ஜப்பானிய அச்சகங்கள் கிலோவில் சொல்லும். 788×1091 மி.மீ. தாள் ஆயிரத்தின் எடை அது. 90 கிலோ என்றால் ஏறத்தாழ 105 ஜி.எஸ்.எம். (சதுர மீட்டருக்கு இத்தனை கிராம்), 110 கிலோ என்றால் 128. உள்பக்கத்துக்கு இவை இரண்டும் பழக்கம். 70 கிலோ, அதாவது 81 ஜி.எஸ்.எம்., போட்டால் பின்பக்கக் கருப்பு தெரியும். அட்டைக்கு 180 அல்லது 200 கிலோ.

முதுகு அகலத்தைக் கணக்கிடாமல் அட்டைக் கோப்பு செய்ய முடியாது. 32 பக்கம் என்றால் 16 தாள். 110 கிலோ தாளின் கனம் ஏறத்தாழ 0.15 மி.மீ. ஆக 2.4 மி.மீ., அட்டை இரண்டு பக்கமும் சேர்த்து 0.5, மொத்தம் 3 மி.மீ. ஆகவே அட்டைக் கோப்பின் அகலம் 3+182+3+182+3, அதாவது 373 மி.மீ.; உயரம் 263. வலக்கட்டு என்பதால் கோப்பில் முன்னட்டை இடப்பக்கம் வரும். பழக்கத்தில் வலப்பக்கம் வைத்துவிடுகிறவர்கள் ஏராளம், அப்புறம் பின்னட்டைதான் முகமாக வந்து நிற்கும். வண்ணம் 350 டி.பி.ஐ., நான்கு வண்ண அச்சுக்கான சி.எம்.ஒய்.கே. முறையில். திரையில் மின்னும் இளஞ்சிவப்பு இந்த மையில் மங்கிவிடும். அதற்காகவே மஜந்தாவுக்குப் பதில் ஒளிரும் பிங்க் மையை ஏற்றித்தரும் சேவை தோஜின்ஷி அச்சகங்களில் உண்டு. பாத்திரங்களின் கன்னமும் தோலும் அதில் உயிரோடு தெரியும். வணிகப் புத்தகத்தில் இந்தச் செலவைச் செய்ய யோசிப்பார்கள். தோஜின்ஷியில் அட்டைக்காக லாபம் முழுவதையும் விட்டுக்கொடுப்பவர்கள் இருக்கிறார்கள்.

பிரதி சில டஜன்தான் என்றால் ஆன்டிமாண்ட் எனப்படும் டோனர் அச்சு, நூறைத் தாண்டினால் ஆஃப்செட். மெல்லிய கோடும் டோனும் ஆஃப்செட்டில் கூர்மையாக வரும். கெடுவுக்கு முன்னால் கோப்பைக் கொடுத்தால் தள்ளுபடி, தாமதித்தால் கூடுதல் கட்டணம். அச்சகமே பெட்டியை விழா அரங்கில் உங்கள் மேசைக்கு அடியில் கொண்டுவந்து வைத்துவிடும். மேசை எண்ணின் கடைசி எழுத்து ஏ-வா பி-யா என்று மூன்றுமுறை பார்க்கவும். ஒரே மேசையை இரண்டு குழு பகிர்வதால் அந்த எழுத்து மாறினால் பெட்டி பக்கத்து ஆளுக்குப் போகும்.

கடைசிப் பக்கத்தில் ஒகுஸுகே: புத்தகப் பெயர், வெளியீட்டு நாள், குழுவின் பெயர், படைப்பாளர் பெயர், தொடர்பு மின்னஞ்சல், அச்சகம். புனைபெயர் போதும். ஆனால் பொறுப்பேற்க ஒருவர் இருக்கிறார் என்று அந்தப் பக்கம் சொல்ல வேண்டும்.

பிறர் படைப்பின் பாத்திரத்தை எடுப்பதால் இந்தப் பொறுப்புக்கு எடை கூடுகிறது. ஜப்பானியச் சட்டத்தில் இத்தகைய வழித்தோன்றல் படைப்புக்கு உரிமையாளர் புகார் கொடுத்தால்தான் குற்ற வழக்கு. 2018 டிசம்பர் 30இல் சட்டம் திருந்தி, சில மீறல்களுக்குப் புகார் இல்லாமலே வழக்குத் தொடரலாம் என்று வந்தபோதும், அப்படியே நகலெடுத்து விற்பதற்கே அது பொருந்துமாறு எல்லை கட்டி, தோஜின்ஷியைப் பழைய நிலையிலேயே விட்டார்கள். இந்தப் பொறுமையை எது உடைக்கும் என்பதற்கு டோராஎமோன் கதையின் கற்பனைக் கடைசி அத்தியாயமாக வந்த தோஜின்ஷி பாடம். அட்டை அசல் வெளியீடுபோலவே இருந்தது, 13,000 பிரதிகள் போயின, உண்மையான முடிவு இதுதான் என்று நம்பியவர்களும் இருந்தார்கள். 2007இல் படைப்பாளர் மன்னிப்புக் கேட்டு, ஈட்டியதில் ஒரு பங்கையும் கொடுக்க வேண்டிவந்தது. ஆகவே வேலை மேசையில் விதி இது: அசல் தலைப்பெழுத்தின் வடிவத்தைப் போடாதீர்கள், அட்டை அமைப்பைப் பின்பற்றாதீர்கள், ரசிகர் வெளியீடு என்று எழுதுங்கள், உரிமையாளர் வெளியிட்டிருக்கும் வழிகாட்டுதலை முதலில் படியுங்கள். 2013இல் காமிக்ஸ் படைப்பாளர் அகமாட்சு கென் முன்னெடுத்த தோஜின் மார்க், படைப்பாளரே தன் காமிக்ஸில் முத்திரை போட்டு, தோஜின்ஷி போடலாம் என்று அனுமதிக்கும் வழி.

மேசை

தோஜின்ஷிகளுக்கான பெரிய விழாவான கோமிகெட் 1975 டிசம்பர் 21இல் தோக்கியோவின் தோரானோமோனில் 32 குழுக்களோடும் 700 பேரோடும் தொடங்கியது. 2019 டிசம்பரில் நான்கு நாளில் 7,50,000 பேர் வந்தார்கள். ஆகஸ்டிலும் டிசம்பரிலும் நடக்கும் அந்த விழாவில் ஒரு குழுவுக்குக் கிடைப்பது அரை மேசை: 90×45 செ.மீ., இரண்டு நாற்காலி. அந்த அளவு மேசையிலிருந்துதான் 2000 டிசம்பரில் டைப்-மூன் குழுவின் 'சுகிஹிமே' விளையாட்டு விற்றது. 2002 ஆகஸ்டில் 'ஹிகுராஷி' விளையாட்டின் முதல் பாகம் வந்ததும் அங்கேதான். காமிக்ஸ் படைப்பாளர்களான கிளாம்ப் குழு 1989இல் வணிக இதழுக்குப் போவதற்கு முன் தோஜின்ஷிக் குழுவாகவே இயங்கியது. புத்தகம் போடும் முழு வேலையையும் ஏற்கெனவே செய்து பழகியவர்களைத்தான் வணிகப் பதிப்பகங்கள் அங்கிருந்து பெற்றன.

மேசைக்கு விரிப்பு, விலை எழுதிய சீட்டு, சில்லறை ஆகிய மூன்றும் போதும். 80 யென் அடக்கமான புத்தகத்துக்கு 100 யென், ஆஃப்செட்டுக்கு 500 யென் என்று ஒற்றை நாணயத்தில் முடியும் விலை வைக்கவும். 430 என்று வைத்தால் வரிசை நகராது. நூறு யென் நாணயம் 50, ஐந்நூறு யென் நாணயம் 20 கையில் இருக்கட்டும். அங்கே விற்பனை என்ற சொல்லைத் தவிர்த்து ஹம்பு, அதாவது வழங்கல், என்றுதான் சொல்வார்கள். வாங்குகிறவரும் விற்கிறவரும் தொண்டரும் எல்லாருமே பங்கேற்பாளர், வாடிக்கையாளர் என்று ஒருவர் கிடையாது. இதைச் சடங்குச் சொல்லாக நினைக்க வேண்டாம். எதிரே நிற்பவர் பிற்பகலில் தன் மேசையில் இருப்பார், நீங்கள் அவரிடம் வாங்கப் போவீர்கள்.

கதவு திறப்பதற்கு முன் முதல் பிரதி அமைப்பாளர்களுக்குப் போகிறது. புதிதாகக் கொண்டுவரும் ஒவ்வொரு புத்தகத்திலும் ஒன்றை மாதிரிப் பிரதியாக, சீட்டு நிரப்பிக் கொடுக்க வேண்டும். அவர்கள் புரட்டிப் பார்த்து, விதிக்குட்பட்டதா என்று சரிபார்த்து, எடுத்து வைத்துக்கொள்வார்கள். கோமிகெட்டைத் தொடங்கியவர்களில் ஒருவரான யோனெசாவா யோஷிஹிரோவின் பெயரில் 2009இல் மெய்ஜி பல்கலைக்கழகம் திறந்த காமிக்ஸ் நூலகத்தில் மாதிரிப் பிரதிகளைக் கேட்டு வாங்கிப் பார்க்கலாம். ஜெராக்ஸ் எடுத்துப் பின் அடித்த 16 பக்கமும் அங்கே புத்தகம்தான். ஆகவே 35 செட்டில் நான்கைப் பின் தவறினதற்கும் தாள் கசங்கினதற்கும் ஒதுக்கிவிட்டு, மடிப்பு நேராக விழுந்து 8-9ஆம் பக்கத்தில் பின்னின் கால் இரண்டும் சமமாக மடங்கியிருக்கும் ஒரு பிரதியை முந்தின இரவே தனியாக எடுத்து வைக்கவும்.